கப்பலேறிய குடியரசு

(படிப்பக ஆண்டு விழா ஒன்றில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



சென்ற திங்கள் ஒரு கூட்டம். பேசி முடித்து மேடையைவிட்டு இறங்கினேன். இளைஞர் ஒருவர் வழிமறித்தார். கண்ணிலே கனல், கையிலே நமது ஏடு, உதட்டிலே ஒரு கேள்வி. அன்றைய பேச்சினிடையே, நாடு கடந்து வாழ்ந்தோரைப் பற்றி ஓரிரு சொல் சொல்லியிருந்தேன்; அது அவரை உறுத்தியிருக்கிறது. “அண்ணே! களத்திலே நின்று மாண்டவனைப் பற்றிப் பேசுங்கள், கேட்கிறோம். தோற்று ஊரைவிட்டுப் போனவனைப் பற்றிப் பேசி நமக்கு என்ன ஆகப் போகிறது?” என்றார்.

உடனே ஒரு விடை சொல்லியிருக்கலாம். கைதட்டலும் கிடைத்திருக்கும். ஆனால் அந்த இளைஞர் கைதட்டுவதற்காகக் கேட்கவில்லை, உண்மையாகவே கேட்டார். ஆகவே, வீடு சென்று தேடினேன். கல்லூரியைப் பாதியிலே விட்டவன் நான். நூலகத்திற்குள் நுழையும்போதெல்லாம் பழைய கடனைக் கட்டப் போகிறவன் போலத்தான் நுழைகிறேன். தேடியபோது கிடைத்தது ஒரு கப்பல். அந்தக் கப்பலைத்தான் இன்று உங்கள் முன் கொண்டுவந்து நிறுத்துகிறேன்.

1939-ஆம் ஆண்டு ஜூன் 13. மெக்சிகோ நாட்டின் வெராகுரூஸ் துறைமுகம். அட்லாண்டிக் கடலைக் கடந்து ‘சினாயா’ என்னும் கப்பல் கரை சேருகிறது. பிரான்சு நாட்டின் செத் துறையிலே மே 25-ல் புறப்பட்டது. ஏறத்தாழ 1,600 பேர் அதிலே. பேராசிரியர்கள், உழவர்கள், மருத்துவர்கள், அச்சுத் தொழிலாளர்கள், கைக்குழந்தை ஏந்திய தாய்மார்கள். அத்தனை பேரும் ஸ்பெயின் நாட்டவர். அத்தனை பேருக்கும் நாடு இல்லை. கரையிலே யார்? கொடி பிடித்து நிற்கும் தொழிற்சங்கத்தார்! ஆயிரமாயிரமாய்! அரசின் உள்துறை அமைச்சரே வந்து நிற்கிறார்! வாகை சூடி வருபவனுக்கு வரவேற்பு வைப்பது உலக வழக்கம். தோற்று வந்தவனுக்குத் தோரணம் கட்டிய ஊர் அது.

எந்த ஊர் அது? எண்ணிப் பாருங்கள். 1519-லே, கோர்த்தெஸ் என்னும் ஸ்பானிய வேட்டைக்காரன், வாளும் குதிரையும் கொண்டு வந்து இறங்கினானே, அந்தக் கரை! மெக்சிகோவின் மன்னனை வீழ்த்தி, மாநகரை இடித்து, 300 ஆண்டுகள் ஸ்பெயினின் காலடியிலே அந்த நாட்டைக் கிடத்தி வைத்தானே, அவன் கால் வைத்த மணல்! 1821-லே விடுதலை பெற்ற மெக்சிகோ மக்கள், ஸ்பானியனைக் ‘கச்சுப்பீன்’ என்று வசைச் சொல்லால் அழைத்தார்கள். அந்த வசை மறையாத காலத்திலேதான் இவர்கள் வந்து இறங்கினார்கள். அன்று வந்தவன் கையிலே வாள்; 420 ஆண்டு கழித்து வந்தவன் கையிலே ஒரு பெட்டி. மெக்சிகோ கதவைத் திறந்தது.

ஏன் வந்தார்கள் என்பதைச் சுருக்கிச் சொல்கிறேன். 1931 ஏப்ரல் 14-ல் ஸ்பெயினிலே குடியரசு பிறந்தது. மன்னன் வெளியேறினான். பள்ளிகள் எழுந்தன; பெண்கள் வாக்குரிமை பெற்றனர்; நிலச் சீர்திருத்தம் பேசப்பட்டது. பேசியதே குற்றமாயிற்று. 1936 ஜூலையிலே படைத்தலைவர்கள் கிளர்ந்தெழுந்தனர். பிராங்கோ அவர்களுக்குத் தலைவனானான். ஹிட்லர் விமானம் அனுப்பினான், முசோலினி படை அனுப்பினான். மக்களாட்சி நாடுகள் எனத் தம்மைச் சொல்லிக்கொண்ட பிரிட்டனும் பிரான்சும் ‘தலையிடமாட்டோம்’ என்று தலையைத் திருப்பிக்கொண்டன. குடியரசுக்குப் படைக்கலம் தந்தவை பெரும்பாலும் சோவியத்து நாடும் மெக்சிகோவும். 1939 ஏப்ரல் 1-ல் எல்லாம் முடிந்தது. முடிவதற்குள், அந்தக் கடுங்குளிரிலே, ஏறத்தாழ 5 இலட்சம் பேர் மலையைக் கடந்து பிரான்சுக்குள் நடந்தார்கள். பிரான்சு அவர்களை எங்கே தங்க வைத்தது? ஆர்ழெலே கடற்கரையிலே. கூரையில்லை, சுவரில்லை, மணல், காற்று, சுற்றிலும் முள்வேலி.

“ஓடினார்கள்” என்கிறார் நமது இளைஞர். நின்றவர் கதையையும் சொல்லிவிடுகிறேன். மிகெல் எர்னாந்தெஸ் என்றொரு கவிஞர். ஆடு மேய்த்த குடும்பத்துப் பிள்ளை. களத்திலே வீரர்களிடையே பாடியவர். போர் முடிந்ததும் போர்ச்சுகல் எல்லையைக் கடந்தார். போர்ச்சுகல் காவலர்கள் பிடித்து ஒப்படைத்துவிட்டனர். 1942-லே அலிகாந்தே சிறையிலே காசநோயால் மாண்டார், வயது 31. அந்த எல்லைக் காவலன் மட்டும் கண்ணை மூடிக்கொண்டிருந்தால், அவரும் ‘ஓடியவர்’ பட்டியலிலே இருந்திருப்பார். இன்னும் முப்பது ஆண்டு பாடியிருப்பார். வீரத்தை அளக்கும் கோல் நமது கையிலே இல்லை, தோழர்களே. சில வேளைகளிலே அது எல்லைக் காவலன் கையிலே இருக்கிறது.

சினாயா கப்பலுக்கு வருகிறேன். அதிலே ஒரு நாளேடு வெளிவந்தது! ஆம், நடுக்கடலிலே நாளேடு! ஏடு நடத்துவதன் இன்பமும் துன்பமும் நம்மவர்க்குத் தெரியும். காகிதக் கடைக்காரர் வாயிலிலே நிற்கும் நாளும் உண்டு. அங்கே காகிதம் கொஞ்சம், சைக்ளோஸ்டைல் பொறி ஒன்று, சுற்றிலும் உப்புநீர். கப்பலின் பெயரே ஏட்டின் பெயர். புறப்பட்ட மறுநாள் தொடங்கி, கரை சேர்வதற்கு முந்திய நாள் வரை நடத்தினார்கள். என்ன எழுதினார்கள்? ஒப்பாரியா? போகிற நாட்டைப் பற்றி எழுதினார்கள்! மெக்சிகோவின் வரலாறு என்ன, நிலம் எப்படி, எண்ணெய்க் கிணறுகளை அயல்நாட்டுக் கம்பெனிகளிடமிருந்து 1938-ல் மீட்ட அதிபர் லாசரோ கார்தெனாஸ் யார் என்று விளக்கினார்கள். மேல்தளத்திலே சொற்பொழிவு, ஓவியர்கள் படம் வரைந்தார்கள். நாட்டை இழந்து சில திங்களே ஆனவர் பலர். ஆனால் படிப்பகம் நடத்தினார்கள்.

இங்கே ஒரு நிழலையும் காட்டியாக வேண்டும். அதே 1939 ஜூன் திங்களிலே, அதே அட்லாண்டிக் கடலிலே, இன்னொரு கப்பல் எதிர்த்திசையிலே போய்க்கொண்டிருந்தது. அதன் பெயர் செயிண்ட் லூயிஸ். ஹிட்லரின் கொடுமைக்குத் தப்பிய யூத மக்கள் 900-க்கும் மேற்பட்டோர் அதிலே. கியூபாவின் ஹவானா துறையிலே நிறுத்தி வைத்தார்கள். சிலரைத் தவிர எவரையும் இறங்கவிடவில்லை. அமெரிக்க ஐக்கிய நாடும் ஏற்கவில்லை. கப்பல் ஐரோப்பாவுக்கே திரும்பியது. அவர்களிலே 254 பேர் பின்னர் நாசிகளின் கொலைக்கொடுமைக்கு இரையானார்கள். ஒரே கடல்! ஒரே திங்கள்! ஒரு கப்பல் மேற்கே, தோரணத்தை நோக்கி. இன்னொன்று கிழக்கே, தூக்குமேடையை நோக்கி! இரண்டையும் பிரித்தது கடலின் சீற்றமா? கப்பலின் குறையா? கரையிலே இருந்த அலுவலகத்தின் ஒரு முத்திரை.

மெக்சிகோவைப் பற்றியும் முழுதாகச் சொல்வேன். ஸ்பானியருக்கு அகலத் திறந்த அதே கதவு, யூதருக்கு அந்த அளவு திறக்கவில்லை. ‘நம் மொழி பேசுவோர், எளிதிலே கலந்துவிடுவர்’ என்ற கணக்கு அங்கே இருந்தது. இரக்கத்துக்கும் ஒரு கணக்குப் புத்தகம் இருப்பதைக் கண்டு வியப்படைய வேண்டாம். ஆனாலும் அந்த நாடு செய்ததைக் குறைத்துச் சொல்லவும் கூடாது. ஏறத்தாழ 20,000 பேர் அங்கே குடியேறினர்.

1940 நவம்பர் 3. குடியரசின் தலைவராக இருந்த மானுவேல் அசாஞா, பிரான்சின் மோந்தொபான் ஊரிலே, ஓர் உணவுவிடுதி அறையிலே கண் மூடினார். பிரான்சோ அப்போது ஹிட்லரின் காலடியிலே. குடியரசின் கொடியை உடல்மீது போர்த்தக் கூடாது என்றார் மாவட்ட அதிகாரி. பிராங்கோவின் கொடியென்றால் தடையில்லையாம்! மெக்சிகோவின் தூதர் லூயிஸ் ரொத்ரீகெஸ் அங்கே இருந்தார். தம் நாட்டுக் கொடியை எடுத்து அந்தப் பேழைமீது போர்த்தினார். ஒரு நாட்டின் தலைவர், இன்னொரு நாட்டின் கொடிக்குள் அடக்கமானார். நாடகம் எழுதுகிறவன் நான். இப்படியொரு காட்சியை எழுதியிருந்தால், ‘மிகைப்படுத்துகிறான்’ என்று திறனாய்வாளர் எழுதியிருப்பார். வரலாறு எழுதியதால் வாய்மூடிப் படிக்கிறோம்.

மார்செய் நகரிலே இன்னொரு மெக்சிகோக்காரர், தூதரக அதிகாரி ஹில்பெர்த்தோ போஸ்கெஸ். இரண்டு பெரிய மாளிகைகளை வாடகைக்குப் பிடித்து, அவற்றின்மேல் தம் நாட்டுக் கொடியை ஏற்றி, ஏதிலிகளை அங்கே காத்தார், கப்பலேற்றி அனுப்பினார். பின்னர் ஜெர்மானியர் அவரையே பிடித்துக்கொண்டு போய்க் காவலிலே வைத்தனர்.

போனவர்கள் அங்கே என்ன செய்தார்கள் என்றுதானே கேட்கிறீர்கள்? மெக்சிகோவிலே அல்போன்சோ ரெயேஸ் என்றொரு பேரறிஞர். இளமையிலே தம் நாட்டுக் குழப்பத்தால் வெளியேறி, 1914 முதல் பத்தாண்டுக் காலம் மாட்ரிட் நகரிலே வாழ்ந்தவர். எழுதிப் பிழைத்தவர். மாட்ரிட் இட்ட சோற்றை அவர் மறக்கவில்லை. 1938-லே ‘ஸ்பெயின் இல்லம்’ என்ற பெயரிலே, போரினால் சிதறிய அறிஞர்களுக்கென ஒரு கழகம் அமைந்தது. ரெயேஸ் அதன் தலைமையை ஏற்றார். 1940-லே அதுவே ‘மெக்சிகோ கல்லூரி’ ஆயிற்று. இன்றளவும் அந்நாட்டின் தலைசிறந்த ஆய்வகங்களிலே ஒன்று. ஸ்பெயின் துரத்திய மூளைகளை மெக்சிகோ நாற்காலி போட்டு அமர வைத்தது! பதிப்பகங்களிலே மொழிபெயர்ப்பாளர்களாய், மெய்ப்புத் திருத்துவோராய் நூற்றுக்கணக்கானோர். மார்க்சின் ‘மூலதனம்’ நூலை வென்செஸ்லாவோ ரோசெஸ் ஸ்பானிய மொழியிலே ஆக்கி 1946-லே மெக்சிகோவிலே அச்சேற்றினார். மாட்ரிட் கடைத்தெருவிலே அந்நூலை வைத்திருந்தால் சிறை. கடலுக்கு இந்தப் பக்கம் அது பாடநூல்.

மாட்ரிட் பல்கலைக்கழகத்தின் தலைவராயிருந்த ஹோசே காவோஸ் அங்கே ஒரு புதிய சொல்லையே படைத்தார். ‘நாடு கடத்தப்பட்டோர்’ என்று எங்களைச் சொல்லாதீர்; ஒரு மண்ணிலிருந்து எடுத்து, அதே மொழி வழங்கும் இன்னொரு மண்ணிலே நடப்பட்டோர் நாங்கள், என்னும் பொருள்பட ஒரு சொல். நல்ல சொல்தான். ஆனால் எனக்கு ஓர் ஐயம் உண்டு, சொல்லிவிடுகிறேன். அது பேராசிரியரின் சொல். பேராசிரியருக்கு வகுப்பறை கிடைத்தது. பேசிய மொழியிலேயே பேசினார். இரவெல்லாம் துணி தைத்துக் குடும்பம் காத்த பெண்ணைக் கேட்டிருந்தால், அவர் வேறொரு சொல் சொல்லியிருப்பார்.

அந்தக் குழந்தைகளைக் கேட்டிருந்தால்? 1937 ஜூன் திங்களிலே, போர் நடக்கும்போதே, 456 குழந்தைகளை மெக்சிகோவுக்கு அனுப்பினார்கள். மொரேலியா நகரிலே விடுதிப் பள்ளி. சில திங்கள்தான், போர் முடிந்ததும் வீடு வந்துவிடலாம் என்பதுதான் பெற்றோரின் எண்ணம். போர் முடிந்தது, வீடு திரும்பும் வழியும் முடிந்தது. அவர்களிலே பெரும்பாலோர் மெக்சிகோவிலேயே வளர்ந்து, மணந்து, முதுமை அடைந்தார்கள். பெற்றோரை மீண்டும் காணாதோர் எத்தனையோ பேர். ‘நடப்பட்டோர்’ என்று அவர்களிடம் போய்ச் சொல்ல எனக்கு நா எழாது.

இன்னொரு குறையையும் மறைக்க மாட்டேன், நமக்கும் பயன்படும். கப்பலை விட்டு இறங்கியதும் பூசல் தொடங்கிற்று! தலைவர் நெக்ரின் பக்கம் சிலர், தலைவர் பிரியெத்தோ பக்கம் சிலர். உதவிப் பணம் வழங்க இரண்டு அமைப்பு, இரண்டு கணக்கு. தோற்றது யாரால் என்று காப்பிக் கடைகளிலே ஓயாத வழக்கு. மக்ஸ் ஔப் என்னும் நாடக ஆசிரியர், பிரான்சிலும் அல்ஜீரியாவிலும் முகாம்களிலே அடைபட்டு 1942-லே மெக்சிகோ வந்து சேர்ந்தவர், இதை வைத்து 1960-லே ஒரு கதையே எழுதினார். கதையிலே ஒரு காப்பிக் கடைப் பணியாள், மெக்சிகோக்காரர். ஆண்டுக்கணக்கில் இந்த ஸ்பானியர்களின் கூச்சலைக் கேட்டுக் கேட்டு அவருக்குக் காது புளித்துவிட்டது. பிராங்கோ செத்தால்தானே இவர்கள் ஊருக்குப் போவார்கள்? பயணச்சீட்டு வாங்கி, மாட்ரிட் போய், பிராங்கோவைச் சுட்டுவிட்டு, ஊர் சுற்றிப் பார்த்துவிட்டு நிம்மதியாகத் திரும்புகிறார். கடையிலே அதே ஆட்கள், அதே கூச்சல்! போதாக்குறைக்கு, இப்போது நாடிழந்து வந்த பிராங்கோ ஆட்களும் பக்கத்திலே நாற்காலி போட்டுக் கத்திக்கொண்டிருக்கிறார்கள்! சிரிக்கிறீர்கள். அவர் அழுதுகொண்டே எழுதியிருப்பார் என்பது என் எண்ணம். 1969-லே, 30 ஆண்டு கழித்து, மூன்று திங்கள் அளவிலே தங்க இசைவு பெற்று ஸ்பெயின் போனார். அவருடைய நூல்களை அறிந்த இளைஞர்களைத் தேட வேண்டியிருந்தது. 1972-லே மெக்சிகோவிலேயே மறைந்தார்.

மெக்சிகோ அரசு பிராங்கோவை ஒருநாளும் ஏற்கவில்லை. அவன் 1975-லே மாண்டு, 1977 மார்ச்சிலேதான் மாட்ரிட்டுடன் உறவு கொண்டது. இவ்வளவு உறுதி காட்டிய அரசுதான், 1968 அக்டோபர் 2-ல் தன் சொந்த மாணவர்களைத் தலைநகரின் திடலிலே சுட்டது. அயலானுக்கு அடைக்கலம், பெற்ற பிள்ளைக்குத் தோட்டா! இரண்டும் ஒரே ஏட்டிலே இருக்கின்றன. ஒரு பக்கத்தைக் கிழித்துவிட்டு மற்றதை மட்டும் படிக்க நான் ஒப்பமாட்டேன்.

பிறகு கடலின் ஓட்டமே திரும்பிற்று. 1973-லே உருகுவேயிலும் சிலியிலும், 1976-லே அர்ஜென்டினாவிலும் படைத்தலைவர்கள் ஆட்சியைப் பறித்தனர். மீண்டும் மெக்சிகோவின் தூதரகம் சாந்தியாகோ நகரிலே கதவைத் திறந்தது. மாண்ட அதிபர் அயெந்தேயின் துணைவியாரே மெக்சிகோவுக்குத்தான் பறந்தார். உருகுவேயின் பெரும் எழுத்தாளர் ஹுவான் கார்லோஸ் ஒனெத்தி, ஒரு சிறுகதைப் போட்டிக்கு நடுவராக இருந்த குற்றத்துக்காகக் காவலிலே வைக்கப்பட்டவர், 1975-லே மாட்ரிட் போய்ச் சேர்ந்தார். 1994-லே அங்கேயே மறைந்தார். எந்த மாட்ரிட் எழுத்தாளர்களை விரட்டியதோ, அந்த மாட்ரிட்! 2007-லே ஸ்பெயின் ஒரு சட்டம் இயற்றியது. நாடிழந்து போனோரின் பேரப்பிள்ளைகள் குடியுரிமை கேட்கலாம் என்றது. தாத்தா பெட்டியோடு இறங்கிய கரையிலே, பேரன் விண்ணப்பத்தோடு வரிசையிலே நின்றான்.

என் துறைக்கு இன்னும் வரவில்லையே என்று நாடகத் தோழர்கள் நினைப்பது புரிகிறது. வருகிறேன். அந்த இளைஞருக்கு நான் சொல்ல விரும்பும் விடையும் அங்கேதான் இருக்கிறது.

லோர்கா என்ற பெயரைக் கேட்டிருப்பீர்கள். கவிஞர், நாடக ஆசிரியர். 1936 ஆகஸ்டிலே, கிரானடா நகருக்கு வெளியே, பிராங்கோ பக்கத்தார் அவரைச் சுட்டுக் கொன்றனர். வயது 38. உடல் கிடைக்கவேயில்லை. கொல்லப்படுவதற்கு இரண்டு திங்களுக்கு முன்புதான் ஒரு நாடகத்தை எழுதி முடித்திருந்தார். ‘பெர்னார்தா ஆல்பாவின் வீடு’. கணவனை இழந்த ஒரு தாய், ஐந்து பெண்கள், எட்டாண்டு துக்கம் காக்க வேண்டும், சன்னலும் திறக்கக் கூடாது என்று வீட்டையே சிறையாக்குகிறாள். கடைசி மகள் கிளர்ந்தெழுகிறாள், மாண்டும் போகிறாள். அந்தத் தாய் முதலில் வாய் திறப்பதும், கடைசியில் வாய் திறப்பதும் ‘பேசாதீர்’ என்று ஆணையிடத்தான். பிராங்கோவின் ஸ்பெயின் வருவதற்கு முன்பே பிராங்கோவின் ஸ்பெயினை எழுதிவிட்டார்!

அந்த நாடகத்தை அங்கே எவர் போடுவார்?

மார்கரீத்தா ஷிர்கு என்றொரு நடிகையார். லோர்காவின் ‘மரியானா பினேதா’வை 1927-லும், ‘யெர்மா’வை 1934-லும் மேடையேற்றிப் பெருமை சேர்த்தவர். 1936 தொடக்கத்திலே குழுவோடு அமெரிக்கக் கண்டத்துக்குப் பயணம் வந்தவர்; திரும்ப முடியவில்லை. அவருடைய உடைமைகளை பிராங்கோ அரசு பறித்தது. அவர் அந்த நாடகத்தை ஏந்தினார். 1945 மார்ச் 8. அர்ஜென்டினாவின் புவெனஸ் அயர்ஸ் நகரம், அவெனிதா அரங்கம். அவரே பெர்னார்தாவாக நின்றார். எழுதியவர் எங்கோ பெயரற்ற குழியிலே. எழுதிய சொல் கடலுக்கு அப்பால் விளக்கொளியிலே!

அந்த அரங்கம் எப்படி அங்கே வந்தது, தெரியுமா? 1908-லே திறந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதி முதலே, வயிற்றுக்காகக் கடல் கடந்த ஸ்பானியர் அந்த நகரத்திலே இலட்சக்கணக்கில். கடைச் சிப்பந்தி, சமையற்காரர், வீட்டு வேலைக்காரி. எந்த மூலையிலிருந்து வந்தாலும் ‘கலீசியாக்காரன்’ என்றே ஊரார் அழைத்தனர். கேலி நாடகங்களிலே மந்தமதி படைத்த வேலையாள் என்றால் அவன்தான். தாய்மொழி நாடகம் பார்க்க அவர்கள் கொடுத்த காசிலே தழைத்த அரங்குகளிலே ஒன்று அது. லோர்காவே 1933-லே அந்நகரம் வந்தபோது, அவருடைய நாடகத்தை அங்கேதான் ஆடினார்கள். பிழைக்கப் போனவன் இருக்கை போட்டு வைத்தான். துரத்தப்பட்டவர் வந்து மேடை ஏறினார். அதே 1945-லே, அந்நகரின் லோசாதா பதிப்பகம் அந்நாடகத்தை நூலாக்கிற்று. லோசாதாவின் நூல்கள் பெட்டிக்கடியிலே மறைந்து ஸ்பெயினுக்குள் சென்றன. மாட்ரிட் நகரின் பொது அரங்கிலே அந்நாடகம் மேடை கண்டது 1964-லேதான்!

இளைஞத் தோழரே! இங்கே எங்காவது அமர்ந்திருப்பீர். ஷிர்கு அன்று திரும்பிச் சென்று ‘வீர’ மரணம் எய்தியிருந்தால், அந்த நாடகம் அத்தனை ஆண்டும் யார் வாயிலே வாழ்ந்திருக்கும்?

அவர் சிலியிலே நாடகம் கற்பித்தார். உருகுவேயின் மோந்தேவிதேயோ நகரிலே, 1949-லே நிறுவிய நகராட்சி நாடகப் பள்ளிக்குத் தலைமை தாங்கினார். 1969-லே அந்நகரிலேயே மறைந்தார். 1988-லே அவர் எலும்புகளை, கத்தலூன்யாவின் மோலின்ஸ் தெ ரெய் என்னும் பிறந்த ஊருக்குக் கொண்டுசென்றனர். பள்ளியைக் கொண்டுசெல்ல முடியாதல்லவா? அது மோந்தேவிதேயோவிலேயே இருக்கிறது, அவர் பெயரோடு. ஆண்டுதோறும் புதிய பிள்ளைகள் சேருகிறார்கள்.